சிறுபான்மைக் கல்லூரிகளின் ஆட்சிக்குழு: ஒரு சட்ட வரலாறு

உத்தரப் பிரதேசத்தின் ஷாஜஹான்பூர், 1927இல் தூக்குமேடை ஏறிய விடுதலை வீரர் அஷ்ஃபாகுல்லாஹ் கானின் ஊர் என்ற அளவில் நம்மில் பலருக்கு அறிமுகமானது. அவ்வூர் முஸ்லிம்கள் நடத்திவந்த கல்லூரி ஒன்று இந்தியச் சட்ட ஏடுகளில் நிலையான இடம் பெற்றுவிட்டது என்பதை அறிந்தோர் குறைவு. காந்தி ஃபைஸே ஆம் கல்லூரி என்பது அதன் பெயர். ஆக்ரா பல்கலைக்கழகத்தின் இணைப்பைப் பெற்றிருந்த அக்கல்லூரி, மேலும் சில பாடங்களை நடத்த அனுமதி வேண்டியது. பல்கலைக்கழகம் தன் விதித்தொகுப்பின் 14-ஏ விதியைச் சுட்டிக்காட்டியது. கல்லூரியின் ஆட்சிக்குழுவில் முதல்வர் ஓர் உறுப்பினராக இருக்க வேண்டும். பணிமூப்பு வரிசைப்படி முறைவைத்து ஓராண்டுக்கு ஓர் ஆசிரியரும் இடம்பெற வேண்டும். கேட்கப்பட்டவை இரண்டே நாற்காலிகள்தாம். கொடுக்க மறுத்து, கல்லூரி உச்சநீதிமன்றம் வரை சென்றது.

இரண்டு நாற்காலிகளுக்காக இத்தனை போராட்டமா என்ற வினா இன்று வாசிப்போர்க்கு எழுவது இயல்பே. அதற்கு விடை காண, அரசியல் சட்டத்தின் முப்பதாம் உறுப்பும் பல்கலைக்கழக இணைப்பு என்னும் ஏற்பாடும் எங்கே மோதிக்கொள்கின்றன என்பதை முதலில் விளங்கிக்கொள்ள வேண்டும்.

சமய, மொழிச் சிறுபான்மையினர் தாம் விரும்பும் கல்வி நிறுவனங்களை நிறுவவும் நிர்வகிக்கவும் உரிமை உடையவர்கள் என்கிறது 30(1). இவ்வாசகத்தில் நிபந்தனை ஏதுமில்லை. பேச்சுரிமைக்கும் தொழில் உரிமைக்கும் உள்ளதுபோன்ற "நியாயமான கட்டுப்பாடுகள்" என்ற தொடர் இவ்வுறுப்பில் காணப்படாது. ஆனால் கல்லூரி தானாகப் பட்டம் வழங்க இயலாது. பட்டம் பல்கலைக்கழகத்தின் கையில் இருக்கிறது. அதைப் பெற இணைப்பு வேண்டும். இணைப்புக்கு நிபந்தனைகள் உண்டு. நேர்வழியில் உரிமையைத் தொட முடியாத அரசுகள் இந்த நிபந்தனை வழியே நுழைந்தன. பெரும்பாலான வழக்குகளின் வேர் இங்கேதான் இருக்கிறது.

முதற்பெரும் சோதனை கேரளத்தில் நேர்ந்தது. 1957இல் அமைந்த ஈ.எம்.எஸ். நம்பூதிரிபாட் அமைச்சரவை கொண்டுவந்த கல்வி மசோதாவைக் குடியரசுத் தலைவர் உச்சநீதிமன்றத்தின் கருத்துரைக்கு அனுப்பிவைத்தார். 1958இல் தலைமை நீதிபதி எஸ்.ஆர். தாஸ் அளித்த கருத்துரை இரு முனைகளையும் பிடித்தது. உதவித்தொகைக்கும் அங்கீகாரத்திற்கும் ஈடாக அடிப்படை உரிமையைக் கைவிடும்படி ஒரு நிறுவனத்தைக் கேட்கக் கூடாது என்றது ஒரு முனை. நிர்வகிக்கும் உரிமையில் சீர்கெட நிர்வகிக்கும் உரிமை அடங்காது என்றது மறுமுனை. பிற்காலத்தில் அரசுத் தரப்பு வழக்கறிஞர்கள் இரண்டாம் முனையையும் நிர்வாகத் தரப்பினர் முதல் முனையையும் ஓதாத வழக்கு இல்லை என்றே சொல்லிவிடலாம்.

ஆயினும் ஆட்சிக்குழுவில் யார் அமர்வது என்ற வினா நேருக்கு நேராக எழுந்தது 1969ஆம் ஆண்டின் கேரளப் பல்கலைக்கழகச் சட்டத்தினால்தான். ஒரே கல்லூரியை நடத்தும் அமைப்பாயின் 11 பேர் கொண்ட ஆட்சிக்குழு. பல கல்லூரிகளை நடத்தும் அமைப்பாயின் 21 பேர் கொண்ட நிர்வாக மன்றம். பதினொருவரில் கல்லூரி முதல்வர் ஒருவர், மேலாளர் ஒருவர், பல்கலைக்கழக நியமனர் ஒருவர், அரசு நியமனர் ஒருவர், நிரந்தர ஆசிரியர்கள் தேர்ந்தெடுக்கும் ஒருவர்; எஞ்சிய இடங்களில், ஆறுக்கு மேற்படாமல், கல்லூரியை நிறுவிய அமைப்பு நியமிப்போர். கூட்டிப் பார்த்தால் நிறுவியவர்க்கே பெரும்பான்மை. மன்றத்தின் 21 இடங்களிலும் 15 அவர்களுக்கே. அப்படியிருக்க என்ன குறை என்று அரசு கேட்டது.

கத்தோலிக்கக் கன்னியர் மடத் தலைவி ஒருவரின் பெயரால் அறியப்படும் அவ்வழக்கில், 1970 ஆகஸ்டில் தலைமை நீதிபதி எம். ஹிதாயதுல்லாஹ் தீர்ப்புரைத்தார். அந்தப் பதவியை வகித்த முதல் முஸ்லிம் அவர். எண்ணிக்கை கணக்கு அவரை ஏமாற்றவில்லை. புதிய குழு தனிச் சட்ட ஆளுமை பெறுகிறது. கல்லூரியின் முழு நிர்வாகமும் அதனிடம் செல்கிறது. நிறுவியவர் அனுப்பும் அறுவரும் அங்கே சென்றமர்ந்த பின் நிறுவியவர்க்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர்கள் அல்லர். ஆக, கல்லூரியை எழுப்பியவர் தம் கல்லூரிக்கே அந்நியராகிறார். நிர்வாகம் என்பது நிறுவனத்தின் காரியங்களை நடத்துவது. நிறுவியவர்களோ அவர்தம் நியமனர்களோ தாம் கருதியவாறு அதை உருவாக்கும்படி அது வெளியார் கட்டுப்பாடின்றி இருக்க வேண்டும். கல்வித் தரம் மட்டும் இதற்கு விலக்கு. பாடத்திட்டத்தையும் தேர்வையும் பல்கலைக்கழகம் வகுக்கலாம். இவை அத்தீர்ப்பின் சாரம். 48, 49ஆம் பிரிவுகள் சிறுபான்மைக் கல்லூரிகளைப் பொறுத்தவரை வீழ்ந்தன.

மறு ஆண்டே பஞ்சாபிலிருந்து மற்றொரு வழக்கு வந்தது. அமிர்தசரஸின் குருநானக் பல்கலைக்கழகம், இணைப்புக் கல்லூரிகளின் ஆட்சிக்குழு 20 பேருக்கு மிகாமல் இருக்க வேண்டும், அதற்குத் தன் செனட்டின் ஒப்புதல் வேண்டும், பல்கலைக்கழகப் பிரதிநிதிகள் இருவரும் முதல்வரும் அதில் இடம்பெற வேண்டும் என்று விதித்தது. எதிர்த்து நின்றவை ஆரிய சமாஜத்தின் டி.ஏ.வி. கல்லூரிகள். அகில இந்திய அளவில் பெரும்பான்மைச் சமயத்தைச் சார்ந்தவர்கள் பஞ்சாபில் சிறுபான்மையினராக நின்று முப்பதாம் உறுப்பின் நிழலில் ஒதுங்கினர்; நீதிமன்றம் நிழல் தந்தது. இவ்வுறுப்பு முஸ்லிம்களுக்கும் கிறிஸ்தவர்களுக்கும் வழங்கப்பட்ட சலுகை என்று மேடையில் முழங்குவோர்க்கு இத்தீர்ப்பை எடுத்துக்காட்டுவது பயன் தரும்.

நம் சமுதாயத்தை ஆழமாகப் புண்படுத்திய வழக்கு இவற்றிற்கும் முந்தியது. அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தின் 1920ஆம் ஆண்டுச் சட்டப்படி, அதன் 'கோர்ட்' எனப்பட்ட உயர் ஆட்சிமன்றத்தில் முஸ்லிம்கள் மட்டுமே அமர முடியும். 1951இல் அவ்விதி நீக்கப்பட்டது. 1965இல் அம்மன்றம் வெறும் ஆலோசனை அவையாகச் சுருக்கப்பட்டது. இவ்விரு திருத்தங்களையும் எதிர்த்ததே அஜீஸ் பாஷா வழக்கு. 1967இல் உச்சநீதிமன்றம் அளித்த விடை வேறொரு திசையில் சென்றது: பல்கலைக்கழகத்தை நிறுவியது நாடாளுமன்றச் சட்டமே, முஸ்லிம் சமுதாயம் அன்று, நிறுவாதவர்க்கு நிர்வகிக்கும் உரிமை இல்லை. ஸர் ஸையித் அஹ்மத் கானின் 1875 முயற்சியும், எம்.ஏ.ஓ. கல்லூரியும், பல்கலைக்கழகத்திற்காகத் திரட்டப்பட்ட நன்கொடையும் சட்டத்தின் கண்ணில் கணக்கில் வரவில்லை. 1981இல் நாடாளுமன்றம் ஒரு திருத்தத்தால் இதைச் சரிசெய்ய முனைந்தது. 2006இல் அலகாபாத் உயர்நீதிமன்றம் அத்திருத்தத்தின் முக்கிய பகுதிகளைத் தள்ளியது. 2024 நவம்பர் 8ஆம் நாள் எழுவர் அமர்வு, நான்குக்கு மூன்று என்ற கணக்கில், அஜீஸ் பாஷா தீர்ப்பின் அளவுகோலைத் தள்ளுபடி செய்தது. சட்டத்தால் உருப்பெற்றது என்பதாலேயே சிறுபான்மைத் தன்மை மறைந்துவிடாது. எண்ணம் யாருடையது, பொருள் யாருடையது, முயற்சி யாருடையது என்று பார்க்க வேண்டும் என்றது. அலிகரின் நிலையைத் தீர்மானிக்கும் பணி மற்றோர் அமர்வுக்கு விடப்பட்டது. பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் தலைமை நீதிபதி டி.ஒய். சந்திரசூட். அவர் தந்தை ஒய்.வி. சந்திரசூட் அமர்ந்திருந்த வழக்குக்கு இனி வருவோம்.

அஹ்மதாபாத் தூய சவேரியார் கல்லூரி வழக்கு, 1974. குஜராத் பல்கலைக்கழகச் சட்டத்தில் புகுத்தப்பட்ட 33-ஏ பிரிவு, ஆட்சிக்குழுவில் முதல்வர், துணைவேந்தர் நியமிக்கும் பல்கலைக்கழகப் பிரதிநிதி, ஆசிரியர் பிரதிநிதிகள் மூவர், ஆசிரியரல்லாத பணியாளர், மாணவர் பிரதிநிதி ஆகியோர் இருந்தே ஆக வேண்டும் என்றது. ஒன்பது நீதிபதிகள் அமர்ந்தனர். தமிழகத்தவரான நீதிபதி ஏ. அழகிரிசாமியும் அவர்களுள் ஒருவர். இணைப்புப் பெறுவது அடிப்படை உரிமை அன்று என்பதை நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. ஆனால் இணைப்பின் பெயரால் உரிமையை அடகு வைக்கச் சொல்ல முடியாது என்றது. நீதிபதிகள் பேக், துவிவேதி ஆகிய இருவரின் பார்வை வேறாக இருந்தபோதிலும், தம் நம்பிக்கைக்குரியவர்களைக் கொண்டு ஆட்சிக்குழுவை அமைத்துக்கொள்வது நிர்வாக உரிமையின் முதற்கூறு என்பது பெரும்பான்மையால் நிலைபெற்றது.

ஓராண்டு கழித்து ஷாஜஹான்பூர் கல்லூரியின் வழக்கு மூவர் அமர்வின் முன் வந்தபோது, முடிவு கல்லூரிக்குச் சாதகமாகத்தான் இருக்கும் என்று எவரும் எண்ணியிருப்பர். கன்னியரும், ஆரிய சமாஜத்தினரும், ஜெசூட் துறவியரும் வென்ற இடத்தில் முஸ்லிம் கல்லூரி தோற்றது.

பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் வி.ஆர். கிருஷ்ணய்யர். 1957 அமைச்சரவையில் சட்ட அமைச்சராக இருந்தவர் இவரே என்பதை வாசகர்கள் நினைவிற்கொள்ள வேண்டும். மாறுபட்டவர் கே.கே. மேத்யூ, அவரும் கேரளத்தவர். கிருஷ்ணய்யரின் வாதம் எளிதில் தள்ளிவிடக் கூடியதன்று. முதல்வரைத் தேர்ந்தெடுப்பதே நிர்வாகந்தான்; ஆசிரியர்களை நியமிப்பதும் நிர்வாகந்தான்; ஆதலால் குழுவுக்குள் வருவோர் அரசாலோ பல்கலைக்கழகத்தாலோ அனுப்பப்படும் வெளியார் அல்லர். எண்ணிக்கையில் இருவர் பெரும்பான்மையைக் கவிழ்க்கவும் மாட்டார்கள். கல்லூரியின் அன்றாடத்தை அறிந்தவர் குழுவில் இருந்தால் நிர்வாகம் செம்மைப்படுமே தவிர உரிமை பறிபோகாது. இது உரிமையைச் சிதைக்கும் விதி அன்று, ஒழுங்குபடுத்தும் விதி என்பது அவர் முடிவு.

மேத்யூ ஒரே வினாவில் நின்றார்: தேர்ந்தெடுப்பது யார்? விதியால் வந்து அமர்பவர் எத்தனை நல்லவராயினும், நிர்வாகம் விரும்பி அழைத்தவர் அல்லர். முறைவைத்து வரும் ஆசிரியர் யார் என்பதைப் பணிமூப்புப் பட்டியல் முடிவு செய்கிறது, நிறுவியவர் முடிவு செய்யவில்லை. நன்மை பயக்கும் என்பதால் ஓர் உரிமை மீறல் மீறலாகாமல் போய்விடாது.

நம் கருத்தைச் சொல்வதாயின், சட்டத்தின் தருக்கத்தில் மேத்யூவே சரி என்று படுகிறது. ஒன்பது நீதிபதிகள் முந்தைய ஆண்டு கூறியதை மூவர் அமர்வு இத்தனை எளிதாகக் கடந்து சென்றிருக்கக் கூடாது. ஆனால் தருக்கத்தை விட்டுக் கல்லூரியைப் பார்த்தால் மனம் கிருஷ்ணய்யர் பக்கம் சாய்கிறது. முப்பது ஆண்டுகள் பாடம் நடத்திய பேராசிரியர், வணிகப் பெருமக்கள் மட்டுமே அமர்ந்த குழுவின் வாசலில் கோப்புடன் காத்து நிற்பதை நாம் கண்டிருக்கிறோம். உள்ளே அழைத்திருக்கலாம். சட்டம் கட்டாயப்படுத்தும் முன் நாமே அழைத்திருந்தால் ஷாஜஹான்பூர் வழக்குக்கு வேலையே இருந்திராது.

அதன் பின்னும் உச்சநீதிமன்றம் எல்லையைக் காத்தே வந்திருக்கிறது. பீஹார் மதரஸா கல்வி வாரியச் சட்டம், உதவி பெறும் மதரஸாக்களின் நிர்வாகக் குழுவைக் கலைக்க வாரியத்திற்கு அதிகாரம் தந்தது. வாரியத்தில் இருப்போர் முஸ்லிம்களே, ஆதலால் உரிமை மீறல் எப்படி நேரும் என்று வாதிடப்பட்டது. 1989இல் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அரசின் அதிகாரத்தைச் செலுத்துபவர் நம்மவர் என்பதால் அது நம் அதிகாரமாகிவிடாது. நம் சமுதாயத்தில் அடிக்கடி மறக்கப்படும் நுட்பம் இது. 2002இல் டி.எம்.ஏ. பாய் வழக்கில் பதினொரு நீதிபதிகள், ஆட்சிக்குழுவை அமைத்துக்கொள்வதைத் தனியார் கல்வி நிறுவனங்கள் அனைத்திற்கும் பொதுவான உரிமைகளுள் ஒன்றாக எண்ணினர். 2006இல் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில், அரசு உதவி பெறுவதால் இவ்வுரிமை மறைந்துவிடாது என்பதும், முதல்வரைத் தெரிவு செய்வதில் பணிமூப்பு விதி சிறுபான்மை நிர்வாகத்தைக் கட்டுப்படுத்தாது என்பதும் தெளிவாயின.

சட்டம் ஒரு வாயிலை அடைத்தால் நிர்வாகத் துறை சாளரத்தைத் திறக்கும். தன்னாட்சிக் கல்லூரிகளுக்கான பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018ஆம் ஆண்டு ஒழுங்குமுறைகள், தனியார் நிர்வாகக் கல்லூரியின் ஆட்சிக்குழுவுக்கு 12 இடங்களை வகுத்தன: நிர்வாகத்தினர் ஐவர், ஆசிரியர் இருவர், கல்வியாளர் அல்லது தொழிலதிபர் ஒருவர், மானியக் குழு, மாநில அரசு, பல்கலைக்கழகம் ஆகியவற்றின் நியமனர் தலா ஒருவர், முதல்வர். பன்னிருவரில் நிர்வாகத்தினர் ஐவரே. 1970இல் ஆறுக்கு ஐந்து என்ற கணக்கையே நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனால் தன்னாட்சியை விரும்பிக் கேட்டுப் பெறுகிறோம் என்பதும், இக்குழு அறக்கட்டளைக் குழுவினின்றும் வேறானது என்று அவ்விதிகளே சொன்னதும் முரண்பாட்டை மழுங்கச் செய்துவிட்டன. இரண்டு குழுக்கள் ஒன்றன் மேல் ஒன்றாக இயங்குகின்றன. எதன் தீர்மானம் இறுதியானது என்பது கல்லூரிக்குக் கல்லூரி மாறுபடுகிறது.

இனி, நம் வீட்டுக் கதை. வாணியம்பாடி இஸ்லாமியாக் கல்லூரி 1919இல் தோன்றியது. சென்னைப் புதுக்கல்லூரியும் திருச்சி ஜமால் முஹம்மது கல்லூரியும் 1951இல். அதிராம்பட்டினம் காதிர் முகைதீன் கல்லூரி 1955இல். உத்தமபாளையம் ஹௌதியா கல்லூரி 1956இல். மேல்விஷாரம் அப்துல் ஹக்கீம் கல்லூரி 1965இல். வணிகர்களின் கொடையாலும் ஊர் ஜமாஅத்துகளின் உழைப்பாலும் எழுந்த இத்தகைய கல்லூரிகளின் பின்னே பதிவு பெற்ற சங்கமோ அறக்கட்டளையோ நிற்கும். சங்கமாயின் 1975ஆம் ஆண்டின் தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம் பொருந்தும். செயற்குழுவின் காலம் மூன்றாண்டுக்கு மேற்படக் கூடாது. உறுப்பினர் மாற்றங்களைப் படிவம் ஏழில் பதிவாளரிடம் தெரிவிக்க வேண்டும். பொது அறக்கட்டளையாயின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 92ஆம் பிரிவு இருக்கிறது: அக்கறையுள்ள இருவர் நீதிமன்ற அனுமதி பெற்று வழக்குத் தொடுத்தால், அறங்காவலரை நீக்கவும் புதியவரை நியமிக்கவும் நிர்வாகத் திட்டம் வகுக்கவும் நீதிமன்றத்தால் இயலும். வக்ஃபு ஆயின் வாரியமும் தீர்ப்பாயமும். 2025ஆம் ஆண்டின் வக்ஃபுத் திருத்தச் சட்டம் முஸ்லிம்கள் பிற சட்டங்களின்கீழ் அமைத்த அறக்கட்டளைகளை வக்ஃபினின்றும் பிரித்துக் காட்டியிருப்பதால், தம் மூல ஆவணம் எவ்வகையைச் சார்ந்தது என்பதைக் கல்லூரி நிர்வாகிகள் எடுத்துப் பார்ப்பது நல்லது.

இந்தச் சட்டங்கள் யாவும் எல்லாச் சமயத்தவர்க்கும் பொதுவானவை. முப்பதாம் உறுப்பு இவற்றிலிருந்து காக்காது. காக்க வேண்டியதும் இல்லை. அரசு நம் குழுவில் ஆள் புகுத்துவதை அது தடுக்கும். நம்முள் ஒரு சாரார் மறு சாராரை வெளியேற்றுவதைத் தடுக்க அதனிடம் கருவி ஏதுமில்லை.

நடப்பது என்ன? மூன்றாண்டு முடிகிறது. தேர்தல் அறிவிப்புக்கு முந்திய வாரம் புதிய உறுப்பினர்கள் நூறு பேர் சேர்க்கப்படுகிறார்கள். அல்லது பழையோர் நூறு பேர் சந்தா நிலுவை என்று நீக்கப்படுகிறார்கள். இரு பொதுக்குழுக்கள் இரு மண்டபங்களில் கூடுகின்றன. இரண்டு செயலர்கள், இரண்டு படிவம் ஏழு. பதிவாளர் விசாரிக்கலாம், ஆயினும் தேர்தல் செல்லுமா என்று இறுதியாகத் தீர்ப்பது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை என்று கிறிஸ்தவப் பள்ளி ஒன்றின் நிர்வாகக் குழு பற்றிய வழக்கில் 2005இல் சென்னை உயர்நீதிமன்றம் கூறிவிட்டது. உரிமையியல் வழக்கின் காலம் எத்தகையது என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை. இடையில் யார் கையொப்பமிட்டால் வங்கி பணம் தரும் என்பது தெரியாது. ஊதியப் பட்டியலில் ஒப்பமிடச் செயலர் இல்லாததால் கல்லூரிக் கல்வித் துறையே ஆசிரியர்க்கு நேரடியாக ஊதியம் வழங்க நேர்கிறது. இறுதியில் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவரை நிர்வாகியாக நியமிக்கும்படி நாமே மனுச் செய்கிறோம். பல்கலைக்கழகம் இரண்டே நாற்காலிகளைக் கேட்டபோது அதை எதிர்த்து உச்சநீதிமன்றம் வரை செல்லத் துணிந்த சமுதாயம், முழுக் கல்லூரியையும் வெளியார் ஒருவரிடம் ஒப்படைக்கும்படி தானே வேண்டிக்கொள்ளும் விந்தை இது.

நம் ஃபிக்ஹு நூல்கள் வக்ஃபு பற்றிய பாடத்தில் இவ்விரு பக்கங்களையும் முன்பே கண்டிருந்தன. வாகிஃப் விதித்த நிபந்தனை மதிக்கப்பட வேண்டும். எனினும் நாழிர் மோசடி செய்தால் காழி அவரை நீக்கலாம். காழியின் கண் நிர்வாகத்தின் மீது இருந்தது, கை அன்றாடக் காரியத்தில் இல்லை. உச்சநீதிமன்றம் 1958 முதல் தேடிவரும் எல்லைக்கோடும் ஏறத்தாழ இதுவே.

நம் கல்லூரிச் சங்கங்களின் துணைவிதிகளை வாய்ப்புக் கிடைத்தபோதெல்லாம் வாசித்து வருகிறோம். சிலவற்றில் முதல்வர் பதவி வழி உறுப்பினர், வாக்குரிமையும் உண்டு. சிலவற்றில் "அழைக்கப்பட்டால் கலந்துகொள்ளலாம்" என்றிருக்கும். ஆசிரியர் பிரதிநிதி என்ற சொல்லே இல்லாதவையும் உள. உறுப்பினராகச் சேரத் தகுதி என்ன, விண்ணப்பத்தை மறுத்தால் யாரிடம் முறையிடுவது, வாக்காளர் பட்டியல் எந்த நாளில் மூடப்படும் என்ற மூன்றும் பெரும்பாலானவற்றில் மௌனமாக விடப்பட்டிருக்கின்றன. மேற்சொன்ன வழக்குகள் அநேகமாக இம்மூன்று மௌனங்களிலிருந்தே பிறக்கின்றன. துணைவிதியைத் திருத்தப் பல்கலைக்கழகத்தின் அனுமதி வேண்டாம்; அரசின் அனுமதியும் வேண்டாம். பொதுக்குழுவின் சிறப்புத் தீர்மானமும் அதைப் பதிவாளரிடம் பதிவு செய்வதுமே போதும்.